கொஞ்சம் நகர்ந்துக்கோங்க

மந்தைவெளியில் நாங்கள் குடிவந்த முதல் நாளே என் ஸ்கூட்டர் காணாமல் போனது. சாமான் வண்டிக்காரருக்கு வழி காட்டிவிட்டுத் திரும்பினால், ஸ்கூட்டரை நிறுத்தியிருந்த இடத்தில் யாருடைய புல்லட்டோ நிற்கிறது. கத்தலாமா வேண்டாமா என்று யோசித்தேன். நான் எப்போதும் யோசித்துவிட்டுத்தான் கத்துவேன். அதற்குள் திட்டு வாங்க வேண்டிய ஆள் தெருமுனையைத் தாண்டியிருப்பான். அப்போது தரைத்தள வீட்டிலிருந்து ஒரு பெண்மணி ஈரக்கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு வெளியே வந்தார்.

"உங்க வண்டியா சார்? சாவி அதுலயே தொங்கிக்கினு இருந்துச்சு, மோட்டார் ரூமாண்ட நிழல்ல போட்டுக்கீறேன். புல்லட்ட இந்தப் பக்கம் தள்ளி, அந்த செவப்பு வண்டிய செவுத்தோட ஒட்டிட்டேன். இப்ப பாருங்க, உங்க சாமான் வண்டி கேட்டுக்கு உள்ளாறயே வந்துரும்."

வந்தது. இல்லாவிட்டால் பீரோவைத் தெருவிலிருந்து சுமந்திருக்க வேண்டும். ஆனாலும் எனக்கு நன்றி சொல்லத் தோன்றவில்லை. ஒருவருடைய வண்டியை அவரைக் கேட்காமல் நகர்த்தலாமா? அந்தக் கேள்வியை மனதுக்குள் கேட்டுவிட்டு, வெளியே "சரிங்க" என்றேன். பிற்பாடுதான் தெரிந்தது, எங்கள் அடுக்ககத்தில் முக்கால்வாசிப் பேர் வண்டிச் சாவியின் நகலை அவர் வீட்டு வாசல் ஆணியில் மாட்டிவிட்டுப் போவார்கள் என்பது. எல்லோரும் என்னைப் போல ஒருமுறை முறைத்துப் பார்த்துவிட்டு, பிறகு அலுத்துப்போய்ச் சாவியைக் கொடுத்தவர்கள்.

மயிலாப்பூரில் ஒரு கல்யாண மண்டபத்தில் அவருக்கு வேலை. பந்தியில் ஆட்களை உட்காரவைப்பது. இது ஒரு வேலையா என்று கேட்பவர்கள் ஒரு முகூர்த்த நாளில் காலைச் சிற்றுண்டிப் பந்தியைப் போய்ப் பார்க்க வேண்டும். யார் யாரோடு பேசமாட்டார்கள், யாருக்கு இடது கைப் பழக்கம், எந்தத் தாத்தாவால் பெஞ்சைத் தாண்ட முடியாது, எந்தக் குழந்தை அம்மா பக்கத்தில் இல்லாவிட்டால் சாப்பிடாது என்பதெல்லாம் அவருக்கு ஆளைப் பார்த்ததுமே தெரிந்துவிடும். சிந்தாதிரிப்பேட்டையில் பிறந்து வளர்ந்தவர். கூட்டம் என்றால் அவருக்குக் கூச்சமே கிடையாது. நாங்கள் எல்லோரும் அவரை மண்டபத்து அக்கா என்போம்.

அந்த அக்காவுக்குத் தவறான இடத்தில் யாராவது உட்கார்ந்திருந்தால் கை பரபரக்கும். பேருந்தில், கோயிலில், பள்ளிக்கூடக் கூட்டத்தில், டாக்டர் அறைக்கு வெளியே, எங்கேயும் "கொஞ்சம் நகுந்துக்கோங்க" என்று தொடங்கிவிடுவார். பங்குனித் திருவிழாவில் அறுபத்து மூவர் வரும்போது வடக்கு மாடவீதியில் நிற்க இடமில்லாமல் ஜனங்கள் நெருக்கியடித்துக்கொண்டிருந்தார்கள். நான் என் மகளைத் தோளில் வைத்துக்கொண்டு, மூச்சுத் திணறி, இனி ஜென்மத்துக்கும் இந்தப் பக்கம் வருவதில்லை என்று சபதம் எடுத்துக்கொண்டிருந்தேன். எங்கிருந்தோ அக்காவின் குரல் கேட்டது. கொஞ்ச நேரத்தில் உயரமானவர்கள் எல்லாம் பின்வரிசையில், பெண்கள் நடுவில், தெருவோரம் வரிசையாகக் குழந்தைகள். யாருக்கும் தாங்கள் நகர்த்தப்பட்டோம் என்றே தெரியவில்லை. என் மகள் முன்னால் உட்கார்ந்து ஒவ்வொரு சப்பரத்துக்கும் கைதட்டினாள்.

"எடம் இல்லன்னு ஒண்ணு கெடையாது சார். நகுராத ஆளுங்கதான் கீறாங்க." இதை அவர் வாயிலிருந்து நான் கேட்காத வாரம் இல்லை.

எல்லா நேரமும் இது சுபமாக முடிந்தது என்று சொல்லமாட்டேன். ஒருமுறை பெசன்ட் நகர் பேருந்தில் ஒரு கல்லூரிப் பையனை, ஒரு கர்ப்பிணிப் பெண்ணுக்காக எழுந்திருக்கச் சொன்னார். அவன் பேசாமல் எழுந்தான். எழுந்ததும்தான் தெரிந்தது, முழங்காலுக்குக் கீழே மாவுக்கட்டு. "ஐயோ நைனா, வாய்ல இன்னா கொழுக்கட்டையா, சொல்லக்கூடாதா?" என்று அவனையே திட்டி, அவனுக்காக இன்னொருவரை எழுப்பி, அந்த இன்னொருவர் முணுமுணுக்க, மொத்தப் பேருந்தும் அடையாறு வருகிறவரை சண்டை போட்டது. நான் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். இவர் எனக்குத் தெரிந்தவர் என்று யாருக்கும் தெரியக்கூடாதே என்று வேண்டிக்கொண்டேன். மண்டபத்திலும் ஒருமுறை மாப்பிள்ளையின் மாமாவை இலை முன்னாலிருந்து நகர்த்தப்போய், அவர் சாப்பிடாமலே எழுந்து போய்விட்டார். அக்கா அன்று சாயங்காலம் தன் வீட்டு வாசல்படியில் உட்கார்ந்து, "சாப்ட உக்காந்தவர எழுப்பிட்டேன் சார், என் கைய ஒடிக்க" என்று வெகுநேரம் சொல்லிக்கொண்டிருந்தார். அந்தக் கல்யாணத்துக்குப் பிறகு, நகர்த்தப்படுகிறவர் முகத்தை ஒரு கணம் கூர்ந்து பார்த்துவிட்டுத்தான் அவர் வாயைத் திறப்பார். அந்த ஒரு கணப் பார்வையை நான் கவனித்திருக்கிறேன்.

ரயில் விஷயம் என் மகளால்தான் ஆரம்பித்தது. அவளுக்கு அப்போது எட்டு வயது. விமானத்தில் போயிருக்கிறாள், காரில் ஊட்டி போயிருக்கிறாள், பறக்கும் ரயிலில் திருவான்மியூர் போயிருக்கிறாள். ராத்திரி முழுக்க ஓடும் ரயிலில் ஏறியதே இல்லை. ஒரு நாள் வண்டி நிறுத்துமிடத்தில் அக்காவிடம் கேட்டாளாம், "அதுல முன்ன பின்ன தெரியாதவங்க எதிர்ல உக்காந்து நம்ம மூஞ்சியவே பாத்துட்டு வருவாங்களாமே, பயமா இருக்காதா ஆன்ட்டி?"

அக்காவுக்கு அது தாங்கவில்லை. "சார், இன்னா புள்ள வளத்துக்கீறீங்க? எதிர்ல மனுசன் உக்காந்தா பயமாம்!" என்று என்னைப் படியில் மறித்துக் கேட்டார். அன்றைக்கே சாக்பீஸ் எடுத்து, வண்டிகளையெல்லாம் ஓரம் தள்ளி, சிமென்ட் தரையில் ஒரு ரயில் பெட்டியை வரைந்துவிட்டார். கீழ்ப் படுக்கை, நடுப் படுக்கை, மேல் படுக்கை, நடைபாதைக்கு அந்தப் பக்கம் ஜன்னலோரமாக இரண்டு. ஒன்றும் நான்கும் கீழே, ஏழு எப்போதும் பக்கவாட்டில் கீழே, எட்டு அதற்கு மேலே என்று எண் போட்டார். குழந்தைகள் தங்கள் எண்ணைத் தேடி உட்கார வேண்டும். மோட்டார் ரூம் சுவரோரம் நிற்பவர்கள் காத்திருப்புப் பட்டியல். உள்ளே இருப்பவன் ஒருவனை அவன் அம்மா பால் குடிக்கக் கூப்பிட்டால், வரிசையில் முதலில் நிற்பவள் உள்ளே போவாள். ஏழாம் எண்ணில் இரண்டு பேரை எதிரெதிரே உட்காரவைத்து, "இதான் ஆர்.ஏ.சி. உக்காரலாம், படுக்க முடியாது. வேற யார்னா வரலன்னா படுக்கை கெடைக்கும். அதுவரிக்கும் ரெண்டு பேரும் சண்ட போடாம கதை பேசிக்கினு வரணும்" என்றார். நான் அலுவலகத்திலிருந்து வரும்போது குறுக்கே நடந்துவிட்டேன். "அங்கிள் ஓடற வண்டில ஏறிட்டார்!" என்று எல்லோரும் கத்தினார்கள்.

குழந்தைகள் கேட்கும் கேள்விக்கெல்லாம் அவருக்குப் பதில் தெரியாது. தெரியாவிட்டால் தெரிந்தவரிடம் கேட்டுவிடுவார், அவ்வளவுதான். ரயிலுக்கு ஸ்டியரிங் எங்கே என்று ஒருவன் கேட்டதற்காக எல்லோரையும் மாம்பலம் ஸ்டேஷனுக்குக் கூட்டிக்கொண்டு போனார். மின்சார ரயில் நின்றதும் முன்பெட்டி ஜன்னலில் நின்று, "நைனா, இதுக்கு ஸ்டீரிங் எங்க கீது? புள்ளைங்க கேக்குது" என்றார். ஓட்டுநர் சிரித்துவிட்டு, "ஸ்டியரிங்கே கிடையாதும்மா. நான் ஓட்டலாம், நிறுத்தலாம், திருப்ப முடியாது. தண்டவாளத்தை மாத்தி விடறவர் வேற எடத்துல இருக்கார். அவர் எந்தப் பாதையைத் தர்றாரோ அதுல போவேன்" என்றாராம். அக்காவுக்கு இது ரொம்பப் பிடித்துப்போயிற்று. "ஓட்றவர் ஒருத்தர், எடம் மாத்தி உட்றவர் ஒருத்தர்" என்று ஒரு வாரம் எல்லோரிடமும் சொல்லிக்கொண்டு திரிந்தார். அந்த இரண்டாவது ஆள் யார் என்று நினைத்துச் சொன்னார் என்பது எங்களுக்குப் புரியாமல் இல்லை.

எங்கள் தெருமுனையில் காலையில் மீன் விற்கும் பெண், நொச்சிக்குப்பத்துக்காரர். அவர் புருஷன் கடலுக்குப் போகிறவர். விடுமுறை நாட்களில் அவருடைய ஒன்பது வயது மகளும் கூட வருவாள். கூடைக்குப் பக்கத்தில் உட்கார அலுத்துப்போய், எங்கள் சாக்பீஸ் ரயிலில் ஏறிக்கொண்டாள். அதிகம் பேசமாட்டாள். ஆனால் ஒரு நாள் அக்காவிடம், "தண்டவாளம் எங்க போய் முடியும்?" என்றாள். கன்னியாகுமரியில், கடல் வரைக்கும் போய் முடியும் என்றதும், "எங்க ஊட்டாண்டயும் கடல்தான் கீது" என்று யோசித்துக்கொண்டே போய்விட்டாள்.

அதோடு குழந்தைகளை ராத்திரி ரயிலில் எங்கே கூட்டிப்போவது என்பது முடிவாகிவிட்டது. கன்னியாகுமரிக்கு. கோடை விடுமுறை. பெரியவர்கள் நான்கு பேர்: அக்கா, நான், அடுக்ககத்துச் செயலாளர், அவர் மனைவியான மாமி. குழந்தைகள் ஐந்து பேர்: என் மகள், செயலாளரின் பேரன்கள் இருவர், மூன்றாம் மாடிச் சிறுவன் ஒருவன், அப்புறம் மீன்காரம்மாவின் மகள்.

அவள் அம்மாவைச் சம்மதிக்கவைக்கத்தான் அக்கா படாத பாடு பட்டார். நானும் அன்று மீன் வாங்கப் போனவன் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தேன்.

"இதுவரிக்கும் அவ என்ன உட்டுத் தனியா படுத்ததே இல்லக்கா."

"ஒரு ராத்திரிதானே? என் கண்ணுக்குள்ள வெச்சுப் பாத்துக்கறேன்."

மீன்காரம்மா கத்தியை வைத்துவிட்டு நிமிர்ந்தார். "நான் ஒண்ணு சொல்றேன், தப்பா எடுத்துக்காத. எங்க ஊட்ல நாங்க தரைலதான் படுக்கறோம். அது எங்க தரை. ஊரான் கால்மாட்டுல, நடக்கற வழில, எம் பொண்ணு படுக்கக் கூடாது. மத்த புள்ளைங்களுக்கு எப்டியோ அப்டியே இவளுக்கும் படுக்கை இருக்கணும். இருக்குமா?"

"இருக்கும். என் வாக்கு" என்றார் அக்கா.

டிக்கெட் எடுத்தது செயலாளர். எங்கள் அடுக்ககத்தில் தண்ணீர் லாரி கூப்பிடுவதிலிருந்து லிஃப்ட் ரிப்பேர் வரை எல்லாமே அவர்தான், வேறு யாரும் செய்தால் அவருக்குப் பிடிக்காது. கைபேசியில் டிக்கெட் போட்டுவிட்டு வெற்றியோடு கீழே வந்தார். "கொழந்தேளுக்கெல்லாம் பாதி டிக்கெட்டுன்னா! நீங்கள்ளாம் முழு டிக்கெட் எடுத்து ஏமாந்துண்டிருக்கேள்." குழந்தைகள் பெயருக்கு நேரே படுக்கை எண் இருக்க வேண்டிய இடத்தில் ஏதோ ஆங்கில எழுத்துகள் இருந்தன. இது என்ன என்று நான் கேட்டேன். "அது ரயில்வேக்காரா பாஷை. ஏறினா தன்னால புரியும்" என்றார். நானும் அதற்கு மேல் கேட்கவில்லை. ஊரில் நிறையப் பேர் செய்கிற தவறுதான் அது. பாதிக் கட்டணம் கட்டினால் குழந்தை பயணம் செய்யலாம், படுக்கை கிடையாது. படுக்கை வேண்டுமென்றால் முழுக் கட்டணம். இரண்டில் எது என்று அந்தச் செயலி ஒழுங்காகக் கேட்டிருக்கிறது. பாதி என்பதைப் பார்த்த சந்தோஷத்தில் மனிதர் மேலே படிக்கவில்லை.

எழும்பூரில் மாலை வண்டி. மே மாத வெயில் பிளாட்பாரத்தின் விளிம்பில் இன்னும் அடித்துக்கொண்டிருந்தது. அக்கா குழந்தைகளை முதலில் முன்னால் கூட்டிப்போய் இன்ஜினைக் காட்டினார். அது பெட்டிகளோடு எப்படிக் கொக்கி போட்டுக்கொண்டிருக்கிறது என்று குனிந்து பார்க்கச் சொன்னார். கடைசிப் பெட்டியில் ஒரு கார்டு இருப்பார், அவர் பச்சைக்கொடி காட்டினால்தான் முன்னால் இருப்பவர் கிளம்புவார் என்றார். மீன்காரம்மாவும் வழியனுப்ப வந்திருந்தார். மகளுக்குப் புதுச் செருப்பு. அவளுடைய பை அம்மாவின் தோளிலேயே தொங்கியது.

பெட்டியின் நடுவில் எங்கள் இடம். சாமான்களை அடுக்கும்போதே பரிசோதகர் அந்தப் பக்கமாக வந்தார். நல்ல மனிதர். பட்டியலைப் பார்த்துவிட்டுச் செயலாளரிடம், "சார், உங்களுக்கு நாலு பெர்த்துதான். குழந்தைங்களுக்குப் படுக்கை இல்லாம எடுத்திருக்கீங்க. உங்க கூடவே படுக்க வெச்சுக்குங்க" என்றார்.

"வேற ஏதாவது காலியா இருக்கா?" என்று நான் கேட்டேன்.

"இல்ல சார். யாராவது வரலேன்னா ஆர்.ஏ.சி.காரங்க வரிசையா இருக்காங்க. அவங்களுக்குத்தான் தரணும்." சொல்லிவிட்டு அடுத்த பெட்டிக்குப் போய்விட்டார்.

கணக்குப் போட எனக்கு நேரம் ஆகவில்லை. என்னோடு என் மகள். செயலாளரோடு ஒரு பேரன், மாமியோடு ஒரு பேரன். மூன்றாம் மாடிச் சிறுவன் அக்காவோடு என்று அவன் அம்மா ஏற்கெனவே சொல்லிவிட்டிருந்தார். ஐந்தாவதாக நிற்பது யார் என்று எங்கள் எல்லோருக்கும் ஒரே நேரத்தில் தெரிந்தது. சொந்தத்தில் ஒருவர் கூட வராத குழந்தை அவள் ஒருத்திதான்.

மாமி நல்லவர், மனதில் ஒன்றும் வைத்துக்கொள்ளாமல்தான் சொன்னார். "அதனால என்ன, கீழ ஒரு பெட்ஷீட்ட விரிச்சா போச்சு. கொழந்தைதானே."

ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு மீன்காரம்மா வெளியே நின்றிருந்தார். அவர் காதில் அது விழுந்தது. அவர் சத்தம் போட்டிருந்தால் பரவாயில்லை. ரொம்ப அமைதியாகச் சொன்னார், "எறங்கு கண்ணு. போலாம்."

அந்தப் பெண் அழவில்லை. கழற்றி வைத்திருந்த புதுச் செருப்பை எடுத்து ஒவ்வொன்றாக மாட்ட ஆரம்பித்தாள். என் மகள் என் சட்டையைப் பிடித்து இழுத்தாள். செயலாளர் கைபேசியை எடுத்து எதையோ தேடுவதுபோல் பார்த்துக்கொண்டிருந்தார்.

அக்கா ஜன்னலுக்குப் பாய்ந்தார். "இரு இரு. அவ என் எடத்துல படுத்துக்கட்டும்."

"நீ எங்க படுப்ப?"

"நான் எங்கனா உக்காந்துக்கறேன்."

"வேணாம்க்கா. ஒருத்தர எழுப்பி உட்டுட்டு அந்த எடத்துல எம் பொண்ணு படுக்கறதுக்கு, அவ ஊட்லயே படுக்கட்டும். உன்ன நான் கொற சொல்லல." மீன்காரம்மாவின் குரல் அப்போதுதான் லேசாக உடைந்தது. "எறங்கு கண்ணு."

வாழ்நாள் முழுக்க ஆட்களை எழுப்பியே இடம் கண்டுபிடித்த அக்காவுக்கு, யாரையும் எழுப்பாமல் ஒரு படுக்கை வேண்டும். அதுவும் வண்டி கிளம்புவதற்குள். அக்கா ஜன்னல் கம்பிமேல் இருந்த மீன்காரம்மாவின் விரல்களைப் பிடித்துக்கொண்டு, "சிக்னல் உழற வரிக்கும் டைம் குடு. யாரையும் எழுப்ப மாட்டேன். சத்தியம்" என்றார். பதிலுக்குக் காத்திருக்கவில்லை.

நடைபாதையில் நடக்க ஆரம்பித்தார். ஒவ்வொரு முகமாகப் பார்த்துக்கொண்டே போனார். நீங்க எங்க போறீங்க, கூட யாரு, அவங்க எங்க உக்காந்துக்கீறாங்க என்று இதே மூன்று கேள்விகள்தான் எல்லோரிடமும். ஏதோ கல்யாண வீட்டில் விசாரிப்பதுபோல் ஜனங்களும் பதில் சொன்னார்கள். பெட்டியின் கடைசி வரை போய்த் திரும்பி வந்து, எங்கள் பகுதியில் கீழ்ப் படுக்கையில் உட்கார்ந்திருந்த ஒரு பெரியவர் முன்னால் நின்றார். வெள்ளை வேட்டி, கையில் மூச்சுக்கு இழுத்துக்கொள்ளும் மருந்துக் குப்பி. வந்ததிலிருந்து அவர் கழுத்தை நீட்டி நீட்டிப் பெட்டியின் கடைசியையே பார்த்துக்கொண்டிருந்தார். இதை நாங்கள் யாருமே கவனிக்கவில்லை.

"நைனா, அந்தக் கடைசில பச்சப் பொடவ கட்டிக்கினு ஒரு அம்மா, மேல் படுக்கைய அண்ணாந்து பாத்துக்கினே நிக்கறாங்களே, உங்க ஊட்டம்மாவா?"

"ஆமா தாயி. என்னைய இங்கன போட்டு, அவள அங்கன மேல போட்டுட்டான். அவ எப்படி ஏறுவா? மூட்டுவலிக்காரி." மூச்சு வாங்கிக்கொண்டு சொன்னார். "நடுவுல எனக்கு இழுத்துச்சுன்னா முதுகு தடவிவிட ஆள் இல்ல பாருங்க."

"நீங்க படுப்பீங்களா நைனா?"

"எங்க படுக்க? படுத்தா மூச்சு நின்னுரும். உக்காந்துதான் தூங்கணும். இதுல உக்காரவும் முடியாது, நடுப் படுக்கையத் தூக்கி மாட்டிட்டா தலை முட்டும்."

அக்கா அவர் முகத்தை அந்த ஒரு கணம் பார்த்தார். பிறகு நடைபாதைக்கு அந்தப் பக்கம் திரும்பினார். அங்கே ஜன்னலோரத்துக் கீழ்ப் படுக்கையில், காற்றுத் தலையணையை ஊதி, போர்வையை விரித்து, சௌகரியமாகச் செயலாளர்.

"சார். கொஞ்சம் நகுந்துக்கோங்க."

அதன் பிறகு நடந்ததை ஒவ்வொன்றாக என்னால் சொல்ல முடியும், ஆனால் பார்க்கும்போது எல்லாம் ஒரே நேரத்தில் நடந்ததுபோல் இருந்தது. பெரியவர் ஜன்னலோரத்துக்குப் போனார். அங்கே தலைக்கு மேல் தாராளமாக இடம். சாய்ந்து உட்கார்ந்து, ஜன்னல் காற்றை இழுத்து, "அப்பாடா" என்றார். கடைசியிலிருந்து அவர் மனைவி கைத்தாங்கலாக வந்து அவர் காலடியில் அமர்ந்தார், அங்கேயே சுருண்டு படுத்துக்கொள்ளவும் இடம் இருந்தது. பெரியவர் விட்ட கீழ்ப் படுக்கைக்கு மாமி வந்தார். அதுவரை அவருக்கு மேல் படுக்கை, எப்படி ஏறப்போகிறேன் என்று காலையிலிருந்து புலம்பிக்கொண்டிருந்தவர். இப்போது எங்கள் நடுவிலேயே, மாமியுடைய மேல் படுக்கை காலி. பாட்டியம்மாளின் மேல் படுக்கை அந்தக் கடைசியில், கழிவறைக்குப் பக்கத்தில். அதற்குச் செயலாளர் போக வேண்டும்.

எல்லோரும் செயலாளரைப் பார்த்தோம். அவர் காற்றுத் தலையணையை அணைத்துக்கொண்டு நின்றார்.

ஜன்னலிலிருந்து மீன்காரம்மா கேட்டார், "சார், உங்கள எழுப்பிட்டாங்களா?"

செயலாளரை எனக்குப் பல வருடமாகத் தெரியும். அவர் விட்டுக்கொடுத்து நான் பார்த்ததில்லை. அன்று அவர் கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு, "யார் சொன்னா? எனக்கு மேல் பெர்த்துன்னா உசுரும்மா. ஃபேன் பக்கத்துலயே இருக்கும். இங்க கீழ போறவா வரவால்லாம் இடிச்சிண்டே இருப்பா" என்றார். பேரன் கையைப் பிடித்துக்கொண்டு விறுவிறுவென்று கடைசிக்கு நடந்துவிட்டார். மனிதர் அப்படி ஒரு பொய் சொல்வார் என்று யார் எதிர்பார்த்தார்கள்?

மீன்காரம்மாவின் முகம் இன்னும் இளகவில்லை. பச்சைப் புடவைப் பாட்டியம்மாள்தான் எழுந்து ஜன்னலுக்கு வந்தார். "எங்கள யாரும் எந்திரிக்கச் சொல்லல தாயி. விடிய விடிய இவருக்கு என்னாச்சோ ஏதாச்சோன்னு அங்கன கெடந்து துடிச்சிருப்பேன். உம் மவளாலதான் ஒண்ணாச் சேந்தோம். புள்ள வரட்டும்."

சிக்னல் விழுந்துவிட்டது. ஊதல் கேட்டது. பை மட்டும் இன்னும் மீன்காரம்மாவின் தோளில். ஜன்னல் கம்பி வழியாக அது நுழையாது. அவர் கதவை நோக்கி ஓடினார். "சார், போய் வாங்கு!" என்று அக்கா என்னைப் பிடித்துத் தள்ளினார். வழியனுப்ப வந்தவர்கள் இறங்கிக்கொண்டிருந்தார்கள், நான் அவர்களை இடித்துக்கொண்டு கதவுக்குப் போய்ச் சேர்ந்தேன். வண்டி நகர ஆரம்பித்துவிட்டது. மீன்காரம்மா பக்கத்திலேயே நடந்தார். பையைக் கொடுக்கவில்லை.

"படுத்துக்கினாளா சார்? பாத்தியா? பொய் சொல்லாத."

நான் உள்ளே திரும்பினேன். நடுவில் அத்தனை தலைகள். பொது இடத்தில் நான் குரலை உயர்த்தியதே கிடையாது, ஓட்டலில் தண்ணீர் கேட்கக்கூடக் கையைத்தான் தூக்குவேன். அன்று அடிவயிற்றிலிருந்து கத்தினேன்.

"படுத்தாச்சா?"

பக்கத்துப் பகுதியில் ஒரு இளைஞர் உள்பக்கம் திரும்பி, "படுத்தாச்சான்னு கேக்கறாங்க!" என்று கத்தினார். அதற்கடுத்த பகுதியில் ஒரு பெண் கத்தினார். கேள்வி பெட்டிக்குள் ஓடியது. பதில் அதைவிட வேகமாக வந்தது. "படுத்துட்டா!" என்று முதலில் என் மகளின் குரல். "படுத்துட்டா!" என்று மாமி. "படுத்தாச்சு தாயி!" என்று மூச்சு வாங்கிக்கொண்டே பெரியவர். முன்பின் தெரியாதவர்கள் ஒவ்வொரு பகுதியிலிருந்தும் ஜன்னலுக்கு வெளியே கையை நீட்டி ஆட்டி, "படுத்துட்டா! படுத்துட்டாம்மா! கால நீட்டிப் படுத்துட்டா!" என்று கத்தினார்கள். எழும்பூர் பிளாட்பாரம் திரும்பிப் பார்த்தது.

மீன்காரம்மா ஓடிக்கொண்டே பையை என் கையில் திணித்தார். சிரித்தார், அழுதார், இரண்டும்தான். "எழுப்பிடாதீங்க சார்! தூங்கட்டும்!" என்றார்.

அப்போது மாலை வெயில் பளீரென்று அடித்துக்கொண்டிருந்தது. தூங்குகிற நேரமா அது? "சரிம்மா" என்று கத்தினேன். பிளாட்பாரம் முடிகிறவரை அவர் கையை ஆட்டிக்கொண்டு நின்றார்.

பையோடு உள்ளே வந்தேன். மேல் படுக்கையில் அந்தப் பெண், கையைக் காலை நீட்டி, மின்விசிறிக்குப் பக்கத்தில் கண்ணை இறுக மூடிக்கொண்டு படுத்திருந்தாள். வாய் மட்டும் சிரிப்பை அடக்க முடியாமல் கோணிக்கொண்டிருந்தது. கீழே அக்கா நடைபாதையில் நின்றுகொண்டிருந்தார். புடவையெல்லாம் வியர்வை. பெட்டியில் ஒருவர் விடாமல் அவரவர் இடத்தில் உட்கார்ந்தாயிற்று. அக்காவின் இருக்கையில் மூன்றாம் மாடிச் சிறுவனும் என் மகளும் ஜன்னலுக்காக நெருக்கியடித்துக்கொண்டிருந்தார்கள். முதலில் மாமி நகர்ந்து, "இங்க வாங்கோ" என்றார். பாட்டியம்மாள் காலை மடக்கிக்கொண்டு, "இங்கன உக்காரு தாயி" என்றார். பக்கத்துப் பகுதியிலிருந்து அந்த இளைஞர் எழுந்து, "அக்கா, இங்க ஜன்னல் சீட்" என்றார். அதற்கு அப்பால் யார் யாரோ நகர்ந்துகொண்டு கூப்பிட்டார்கள். அத்தனை பேரையும் அத்தனை வருடங்களாக உட்காரவைத்த அந்த மனுஷி, கண்ணைத் துடைத்துக்கொண்டு, எங்கே உட்காருவது என்று தெரியாமல் தாம்பரம் வரைக்கும் நின்றுகொண்டே வந்தார்.